பிறை தின்ற கராம்பு

அந்த நோன்புப் பெருநாள் காலையில் நானா வட்டிலப்பம் கொண்டுவந்தார். ஏணி கொண்டுவரவில்லை.

பாத்திரத்தை வாங்கிய என் ராத்தா, நானாவின் தங்கை, மூடியைத் திறந்து முகர்ந்து பார்த்துவிட்டு மறுபடி மூடினாள். பிறகு நானாவின் தோளைப் பார்த்தாள். தோளுக்குப் பின்னால் பார்த்தாள். வாசலில் நின்ற முச்சக்கர வண்டிக்குள்ளும் எட்டிப் பார்த்தாள், அவ்வளவு நீள மூங்கில் ஏணியை யாரோ மடித்து உள்ளே வைத்திருக்கலாம் என்பதுபோல.

"ஏணி எங்க நானா?"

"ஈக்கிது. ஊட்டுல ஈக்கிது."

"அது எனக்கும் தெரியும். எனத்துக்கு இன்னம் அங்க ஈக்கிது?"

நானா கதிரையில் அமர்ந்து, புதுச் சாரத்தை முழங்காலுக்கு மேல் சரிசெய்துகொண்டார். "மொதல்ல வட்டிலப்பத்தத் தின்னு தங்கச்சி. பெருநாள் அண்டைக்கு எனத்த பேச்சு இது."

ராத்தா தின்னவில்லை. நான் தின்றேன். குடும்பத்தில் யாராவது ஒருவர் நிதானமாக இருக்க வேண்டும்.

ஏணி போனால் தோட்டம் போகும்

எங்கள் தோட்டம் மடவளைக்கு மேலே, பஸ் மூச்சு வாங்கி நிற்கும் ஓர் ஏற்றத்தில் இருக்கிறது. பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். கொஞ்சம் கராம்பு மரங்கள், அவற்றில் சுற்றிய மிளகுக் கொடிகள், அடிவாரத்தில் வாப்பா கட்டிய வீடு. வாப்பா மௌத்தாகும் முன் தோட்டத்தைப் பிரிக்கக் கூடாது என்று சொல்லிவிட்டார். பிரித்தால் ஒருவருக்கு மரம் வரும், ஒருவருக்குக் கல் வரும், ஒருவருக்குக் கக்கூஸ் குழி வரும் என்பது அவருடைய கணிப்பு. அந்த மூன்றாமவர் யார் என்று அவர் சொல்லவில்லை. எல்லோரும் என்னைத்தான் பார்த்தார்கள்.

பிரிக்காத காணியில் பங்கு என்பது விசித்திரமான சொத்து. காணி உறுதி எழுதும் ஒரு நொத்தாரிசு எனக்கு விளக்கினார்: இந்த மூலை உன்னுடையது, அந்த மூலை அவருடையது என்று கிடையாது. ஒவ்வொரு பிடி மண்ணிலும் மூவருக்கும் பங்கு உண்டு. அப்படியானால் மரத்திலிருந்து காகம் என் தலையில் போட்டதிலும் மற்ற இருவருக்கும் பங்கு உண்டா என்று கேட்டேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

வாப்பா முறை வைத்துக் கொடுத்திருந்தார். மார்க்கப்படி ஆணுக்கு இரண்டு, பெண்ணுக்கு ஒன்று. மூத்தவர் நானா, நடுவில் ராத்தா, கடைசியில் நான். ஆகவே ஐந்து வருடச் சுற்று: நானா இரண்டு வருடம் பறிப்பார், அடுத்து ராத்தா ஒரு வருடம், அடுத்து நான் இரண்டு வருடம். யாருடைய முறையோ அவர் வீட்டில் ஏணி இருக்கும். பெருநாள் தொழுகை முடிந்ததும் முறை முடிந்தவர் ஏணியைச் சுமந்துபோய் அடுத்தவரிடம் கொடுக்க வேண்டும். ஏணி மாறினால் தோட்டம் மாறியது. கையெழுத்து, சாட்சி ஒன்றும் கிடையாது.

ஏன் பெருநாளில்? வாப்பாவின் பதில் சுருக்கமானது.

"அண்டைக்கு ஒரு நாள்தான் இவன் ஊட்டுல ஈப்பான்."

அது உண்மைதான். எட்டாம் வகுப்புக்குப் பிறகு பள்ளிக்கூடமும் நானும் ஒருவரையொருவர் தேடவில்லை. நாவலப்பிட்டியில் பேக்கரி வேலை செய்ததையும், இரவில் மா மூட்டைகளின் மேல் படுத்து வெள்ளைப் பேயாக எழும்பியதையும் இந்தத் தொடரில் ஏற்கெனவே எழுதியிருக்கிறேன். அதன் பிறகு கண்டி குட்செட்டில் பஸ்ஸுக்கு ஆள் கூப்பிட்டேன். லொறியில் மரக்கறி ஏற்றினேன். கொஞ்ச காலம் ஒன்றுமே செய்யாமல் இருந்தேன். அதுதான் மிகவும் களைப்பான வேலை. ஆனால் பெருநாளுக்கு வீட்டுக்கு வந்துவிடுவேன், பாசத்தால் என்று ராத்தா நம்புகிறாள். புரியாணியால்.

என் முறை வந்தால் ஏணியை வாங்கிய கையோடு மரத்தில் வரப்போகும் கராம்பு மொட்டை ஒரு வியாபாரிக்கு விற்றுவிட்டுப் போய்விடுவேன். மூன்றாம் படிக்கு மேலே என் முழங்கால் என் பேச்சைக் கேட்பதில்லை.

மழையும் பிறையும்

வாப்பா கவனிக்காத ஒன்று இருந்தது. பெருநாள் பிறையைப் பார்த்து வருவது. வருடா வருடம் பத்துப் பதினொரு நாள் முன்னால் நகர்ந்துகொண்டே போகும். கராம்பு அப்படியில்லை. அது மழையையும் வெயிலையும் பார்த்துப் பூக்கும், பிறையை ஏறிட்டும் பார்க்காது.

நாங்கள் முறை தொடங்கிய காலத்தில் பெருநாளும் அறுவடையும் ஒன்றுக்கொன்று வெகு தூரத்தில் இருந்தன. ஆகவே ஒரு முறைக்குள் ஒரு அறுவடை ஒழுங்காக விழுந்தது. யாரும் யோசிக்கவில்லை. வருடங்கள் போகப் போகப் பெருநாள் ஒவ்வொரு அடியாக நகர்ந்து வந்து, போன வருடம் அறுவடையின் வாலைத் தொட்டது. நானா மரங்களைப் பறித்து முடித்த கையோடு பெருநாள் வந்தது. இந்த வருடம் பெருநாள் இன்னும் முந்திவிட்டது. மழையோ பிந்திவிட்டது. பெருநாள் காலையில் மரம் நிறைய மொட்டு. ஆனால் எல்லாம் பச்சை.

நானாவின் இரண்டு வருட முறை முடிந்துவிட்டது, பறித்ததோ ஒரு அறுவடை. ராத்தாவின் ஒரு வருட முறை தொடங்கிவிட்டது. அதுவும் எப்படிப்பட்ட வருடம்! கராம்பு எல்லா வருடமும் ஒரேமாதிரிக் காய்க்காது. ஒரு வருடம் அள்ளிக் கொடுத்தால் அடுத்தடுத்த வருடங்களில் படுத்துக்கொள்ளும். இந்த வருடம் கிளைகள் பாரத்தில் தொங்கின.

ராத்தாவுக்கு அந்த மொட்டு வேண்டும். மாரி மழையில் அவளுடைய குசினிச் சுவர் இரவோடிரவாகச் சரிந்திருந்தது. புருஷன் மௌத்தான பிறகு அவள் அந்த வீட்டில் தனியாக இருக்கிறாள். நீலத் தார்ப்பாயைக் கட்டி அதன் கீழே அடுப்பு வைத்திருந்தாள். காற்றடித்தால் சோற்றில் சாம்பல். அவளுக்கு ஐந்து வருடத்தில் ஒரு முறைதான்.

"ஒன்ட வருஷத்துல நீ ரெண்டு பறி பறிக்கப் பாக்குற. இதையும், மழ முந்தினா அடுத்த வருஷம் பெருநாளைக்கு முந்தி வாரதையும்," என்றார் நானா.

"அடுத்த வருஷம் மரம் படுத்துக்கும். நீங்க எனக்கு எலயப் பறிக்கச் செல்றீங்களா?"

இருவர் சொன்னதும் சரி. அதுதான் தொல்லையே. ஒருவர் கள்ளராக இருந்திருந்தால் விஷயம் சுலபமாக முடிந்திருக்கும்.

கொக்கத்தடி

மறுநாள் நானா, பச்சையானாலும் பரவாயில்லை என்று, ஏணியோடு வந்தார், ராத்தாவிடம் கொடுக்க அல்ல. கூடவே பறிக்கிற ஆட்கள் இருவர். ராத்தா மரத்தடியில், கிளை வளைக்கும் கொக்கத்தடியோடு நின்றாள்.

"ஏறுறவன்ட கால்ல போடுவேன். நானாட காலா, ஆள்ட காலா எண்டு பாக்க மாட்டேன்."

பறிக்க வந்தவர்கள் பிளேன்டி கிடைக்குமா என்று கேட்டுவிட்டு வீதிக்குப் போய்விட்டார்கள். யாரோ பொலிசுக்கு அறிவித்தார்கள். சார்ஜன்ட் ஒருவர் ஏற்றம் ஏறி, வியர்த்து வந்து சேர்ந்தார். மரம் யாருடையது என்று சிங்களத்தில் கேட்டார். நாங்கள் மூவரும் ஒரே நேரத்தில் "என்னுடையது" என்றோம். அவர் தொப்பியைக் கழற்றினார்.

பொலிஸ் வரும் முன்பே நாங்கள் மற்றக் கதவுகளைத் தட்டியிருந்தோம். பெருநாள் மாலையிலேயே நானா எங்களையும் கூட்டிக்கொண்டு பள்ளிவாசல் ட்ரஸ்டி ஹாஜியாரிடம் போனார். ஹாஜியார் நல்ல மனிதர். "பிறை எப்ப கண்டது எண்டு நாங்க செல்ல ஏலும். கராம்பு யாருக்கு எண்டு செல்ல ஏலா," என்று கூறி ஆளுக்கொரு மஸ்கட் அல்வாத் துண்டு கொடுத்தார். முஸ்லிம் கலியாண வழக்குகள் பார்க்கும் காதியாரிடம் கேட்கலாம் என்பது என் யோசனை. அவர் எங்கள் மூவரையும் மாறி மாறிப் பார்த்து, "உங்கள்ல யாரு யாரக் கலியாணம் முடிச்சீக்கிது?" என்றார். யாருமில்லை என்றதும் கதவைச் சாத்திவிட்டார்.

சார்ஜன்டும் முதலில் அதையே சொன்னார்: காணிப் பிரச்சினை பொலிசின் வேலையில்லை. போகத் திரும்பியவரின் கண் ராத்தாவின் கொக்கத்தடியில் விழுந்தது. அவர் மறுபடி தொப்பியைப் போட்டுக்கொண்டார்.

லோயர் மிஸ் சொன்னது

ராத்தாவுக்காக நான் கண்டியில் ஒரு லோயர் மிஸ்ஸைப் பிடித்தேன். நாவலப்பிட்டிப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் பிறந்தவர். பேக்கரிக் காலத்தில் அவருடைய அப்பாவுக்குப் பாண் விற்றிருக்கிறேன். அவருடைய அறை நீதிமன்றத்துக்குக் கிட்ட, ஒரு போட்டோக் கொப்பிக் கடைக்கு மேலே இருந்தது.

"வாங்க, உக்காருங்க. மொதல்ல ஒண்ணு புரிஞ்சுக்கோங்க," என்றார். "காணி யாருக்கு, எவ்வளவு பங்குன்னு பாக்கிறது மாவட்ட நீதிமன்றம். அங்க பாகம் பிரிக்கிற வழக்குப் போட்டா காணிய அளக்க சேவயர் வருவாரு, நோட்டீஸ் வரும், சாட்சி வரும். தீர்ப்பும் வரும். ஆனா அதுக்குள்ள உங்களுக்கெல்லாம் பேரப்பிள்ளைங்க வந்துடும்."

"எனக்குப் பிள்ளையே இல்ல மிஸ்," என்றேன்.

"அதுக்கும் நேரம் கெடைக்கும். இப்ப பொலிஸ் போட்டிருக்கிறது ஆரம்ப நீதிமன்றத்துல. அங்க சொந்தம் யாருக்குன்னு பாக்க மாட்டாங்க. இப்ப யாரு கையில இருக்கு, யாரு பறிக்கலாம், அடிதடி வருமா, அவ்வளவுதான். நெசமாச் சொன்னா, அக்கா கம்பு தூக்கலன்னா அந்தக் கோர்ட்டுக் கதவே உங்களுக்குத் தொறந்திருக்காது."

ராத்தாவின் முகத்தில் முதல்தடவையாக ஒரு திருப்தி தெரிந்தது. "நல்ல வேள, தூக்கினேன்."

"திரும்பத் தூக்காதீங்க. ஏணி யாருகிட்ட இருக்கு?"

"நானாக்கிட்ட."

லோயர் மிஸ் பேனையால் மேசையைத் தட்டினார். "அதுதாங்க கஷ்டம். ஏணி இருக்கிறவருதான் தோட்டத்தில இருக்கிறவருன்னு அவங்க ஆளு சொல்லப் போறாரு. உங்க வழக்கப்படியே அது சரிதானே?"

வாப்பாவின் வழக்கம் இப்படித் திரும்பிக் கடிக்கும் என்று யாரும் நினைக்கவில்லை. ஏணியைக் கொடுக்க வேண்டியவர் கொடுக்காமல் இருந்ததால், அவரே தோட்டக்காரர்.

சில நாட்களில் நீதிமன்ற அறிவித்தல் ஒன்றை எங்கள் கராம்பு மரத்திலேயே ஒட்டிவிட்டுப் போனார்கள். இந்தக் காணியில் உரிமை உள்ள வேறு யாராவது இருந்தால் வந்து சொல்லலாம் என்று அதில் எழுதியிருந்தது. அது என்னைத்தான். என் பெயர் எங்கும் இல்லாவிட்டாலும் என்னை யாரோ கூப்பிடுகிறார்கள் என்பது சந்தோஷமாகத்தான் இருந்தது. நானும் ஒரு கட்சிக்காரன் ஆனேன்.

அறிவித்தலுக்கு மேலே கிளையைப் பிடித்து இழுத்து ராத்தா எனக்கு ஒரு கொத்தைக் காட்டினாள். மொட்டின் அடி லேசாகச் சிவந்திருந்தது.

"இதுதான் பறிக்கிற பக்குவம். இன்னம் ஒரு கிழமைக்கு மிஞ்சினா தொப்பி கழண்டு பூத்துரும். பூத்தா எவனும் வாங்க மாட்டான்."

நீதவான் கேட்ட கேள்வி

நீதிமன்றத்தில் எங்களுக்கு முன்னால் கசிப்புச் சாராய வழக்குகள், பின்னால் ஒரு மாட்டு வழக்கு. மின்விசிறிக் காற்று நீதவானுக்கும் சட்டத்தரணிகளுக்கும் போதுமான அளவு இருந்தது. நானா புதுத் தொப்பி போட்டிருந்தார். ராத்தா அவருக்குப் பக்கத்து வாங்கிலேயே இருந்தாள், இருக்க வேறு இடம் இல்லாததால்.

நீதவான் இளம் வயதுக்காரர், அவசரமில்லாதவர். எல்லாம் சிங்களத்தில் நடந்தது. மொழிபெயர்ப்பாளர் எங்களுக்குத் தமிழில் சொன்னார். நானாவின் சட்டத்தரணி ஏணியைப் பற்றிப் பேசினார். எங்கள் லோயர் மிஸ் முறையைப் பற்றிப் பேசினார். கடைசியில் நீதவான் கேட்டார்: "உங்கள் வருடம் எப்போது தொடங்குகிறது?"

"பெருநாள்ல," என்றார் நானா.

"பெருநாள்ல," என்றாள் ராத்தா.

"இரண்டு பேரும் ஒரே பதிலைச் சொல்கிறீர்களே, பிறகு எதற்கு வந்தீர்கள்?"

இருவரும் சேர்ந்து விளக்கினார்கள். பிறை நகர்வது, மழை பிந்தியது, மொட்டு பச்சையாக நின்றது எல்லாவற்றையும். மொழிபெயர்ப்பாளருக்கு வியர்த்தது. நீதவான் கன்னத்தில் கைவைத்துக் கேட்டார். எனக்கு அவர்மேல் மரியாதை வந்தது. நாங்கள் சொன்னது அவருக்குப் புரிந்துவிட்டது. எனக்கே அன்றைக்குத்தான் முழுதாகப் புரிந்தது.

அவர் சொன்னதன் சாரம் இது: சொந்தத்தைத் தீர்மானிக்க இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை. பிறைமீதும் இல்லை. யார் இப்போது பறிக்கலாம் என்பதை மட்டும் சொல்லலாம். அதற்கு இரு தரப்பும் எழுத்தில் வாதம் தர வேண்டும். இரண்டு கிழமைக்குப் பிறகு மறு தவணை. அதுவரை ஒருவரும் மரத்தைத் தொடக் கூடாது.

மொழிபெயர்ப்பாளர் வாயைத் திறக்கும் முன்பே ராத்தா எழுந்துவிட்டாள். "சேர், அதுக்குள்ள பூத்துரும் சேர்!"

நானாவும் எழுந்துவிட்டார். "அது உண்ம சேர். ஒண்டும் மிஞ்சாது."

பெருநாளுக்குப் பிறகு அவர்கள் இருவரும் ஒரு பக்கமாக நின்றது அப்போதுதான். நீதவான் கொஞ்சம் சிரித்தார். "அப்படியானால் சமாதானமாகப் பேசி முடியுங்கள். பகல் சாப்பாட்டுக்குப் பிறகு மறுபடி கூப்பிடுகிறேன்."

நடையில்

நீதிமன்ற நடையில் நின்று பேசினோம். நான் ஒரு ரோல்ஸ் வாங்கி வந்திருந்தேன்.

"பாதி பாதி எடுப்போம்," என்றார் நானா.

"பாதிச் சுவர் கட்டவா? அஞ்சு வருஷத்துக்கு ஒருக்கா வாரத்துல பாதியா? ஏலா."

"அப்ப ஏன்ட ரெண்டு வருஷத்துல ஒரு பறி எங்க? நான் திண்டேனா?"

லோயர் மிஸ் நடுவில் வந்தார். "நிறுத்துங்க. யாரும் திங்கல. பிறை தின்னுடுச்சு. இத்தன வருஷமா அது நகர்ந்து நகர்ந்து, ஒரு பறி கணக்கில இருந்து காணாமப் போச்சு. அந்த நட்டம் யாரு தலையிலயாவது விழுந்தே ஆகணும். உங்களுக்கும் வேணாம், அவங்களுக்கும் வேணாம். அப்ப..."

அவர் முடிக்கவில்லை. மூன்று பேரும் என்னைப் பார்த்தார்கள். என் வாயில் ரோல்ஸ்.

"நான் எனத்த செஞ்சேன்?" என்றேன்.

"ஒண்டுமே செய்யல்ல," என்றார் நானா. "அதான்."

திட்டம் உடனே தயாராகிவிட்டது. என்னைக் கேட்டு அல்ல. இந்த மொட்டு ராத்தாவுக்கு. அடுத்த அறுவடை, அது பெருநாளுக்கு முந்தினாலும் பிந்தினாலும், நானாவுக்கு. அதன் பிறகு என் முறையில் இரண்டுக்குப் பதில் ஒரு அறுவடை. இனிமேல் ஏணி பெருநாளில் மாறாது, கடைசி மரம் பறித்து முடிந்த நாளில் மாறும்.

"அண்டைக்கு நான் ஊட்டுல இல்லாட்டி?"

"நீ இல்லாட்டி ஏணி ஒன்னத் தேடி குட்செட்டுக்கு வராது," என்றாள் ராத்தா. பிறகு குரலைத் தாழ்த்தினாள். "தம்பி, நீ ஏறுறதும் இல்ல, பறிக்கிறதும் இல்ல. எவனுக்கோ அள்ளிக் குடுத்துட்டுப் போற. நான் ஒருக்காச் சுவரு கட்டுறேன்டா."

இதற்குப் பதில் சொல்ல என்னிடம் பல வசனங்கள் இருந்தன. சுருட்டிய ரோல்ஸ் கடதாசியோடு அவற்றையும் குப்பைக் கூடையில் போட்டேன்.

பகலுக்குப் பிறகு நீதவான் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு என்னைக் கூண்டுக்கு அழைத்தார். நட்டம் எனக்கு என்று அவருக்கு உடனே விளங்கிவிட்டது.

"இதற்கு உங்கள் சொந்த விருப்பத்தில்தான் ஒத்துக்கொள்கிறீர்களா?"

சத்தியம் செய்திருந்தேன். என்ன செய்வது? "விருப்பமில்ல சேர். ஆனா சம்மதம்."

மொழிபெயர்ப்பாளர் தயங்கினார். பின்னால் மாட்டு வழக்குக்காரர்கள் சிரித்தார்கள். நீதவான் பேனையை எடுத்துப் பின்பாதியை மட்டும் பதிவு செய்துகொண்டார்.

மேல் கிளை

மறுநாள் விடிந்ததும் பறிக்கத் தொடங்கினோம். நானா அவராகவே வந்தார், தன் ஆட்களையும் கூட்டிக்கொண்டு. ஒருவரும் மன்னிப்புக் கேட்கவில்லை. எங்கள் குடும்பத்தில் அந்தப் பழக்கம் கிடையாது. நான் கீழே இருந்து காம்பு கிள்ளினேன். விரலெல்லாம் காரம் ஏறி, கண்ணைத் தெரியாமல் தொட்டு, பாதி நாள் அழுதுகொண்டிருந்தேன். நானா அதைப் பாசம் என்று நினைத்து முதுகில் தட்டினார்.

மாலையில் முற்றம் முழுக்கப் பாய் விரித்து மொட்டைப் பரப்பியிருந்தோம். வாசனை வீதிவரைக்கும் போனது. நானா பாய்களைச் சுற்றி நடந்து பார்த்தார்.

"சுவருக்குக் காணுமா தங்கச்சி?"

"காணும். கூரைக்குப் பழைய தகரத்தையே போடுறேன்."

அப்போதுதான் நான் அண்ணாந்து பார்த்தேன். மரங்களின் உச்சியில், வெயில் அதிகம் படுகிற கிளைகளில், தொப்பி கழன்று பூத்திருந்தது. நாங்கள் பள்ளிவாசலுக்கும் பொலிசுக்கும் கண்டிக்கும் ஏறி இறங்கிய நாட்களில் பூத்தவை. தேனீக்கள் மொய்த்துக்கொண்டிருந்தன.

"ராத்தா, மேல அவ்வளவும் பூத்துட்டுதே!"

ராத்தா தலையை நிமிர்த்தவில்லை. பாயில் கிடந்த மொட்டுகளைக் கையால் புரட்டிக்கொண்டே சொன்னாள்:

"விடு. அது கோர்ட்டுட பங்கு."